வால்நட்சத்திரத் திறப்பு விழா

வால்நட்சத்திரத்துக்குத் திறப்பு விழா எடுப்பது என்று கங்கைக்கரைத் தமிழர் பேரவையின் செயற்குழு முடிவு செய்தபோது, இதில் எங்கோ இடிக்கிறதே என்று சொன்னது ஒரே ஒருத்திதான். மஹிமா. அவள் வானியலில் ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தாள். அதனால் அவள் பேச்சை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

"அங்கிள், அது ஏற்கெனவே ஓப்பனாத்தானே இருக்கு? ஆகாசத்துல இருக்கு."

"திறந்து வைக்காம எப்படிம்மா பாக்கறது?" என்றார் தலைவர் சிவராம்.

பேரவையின் வழக்கப்படி அது நியாயமான கேள்விதான். கடந்த முப்பது வருஷத்தில் திரை போட்டு மூடாமல், கயிற்றை இழுத்துத் திறக்காமல் எந்தப் பொருளும் அங்கே புழக்கத்துக்கு வந்தது கிடையாது. தண்ணீர் ஃபில்டரை ஒரு இன்ஜினியர் திறந்து வைத்தார். செருப்பு ஸ்டாண்டை ஒரு கண் டாக்டர் திறந்து வைத்தார். கழிப்பறைக்குப் புதுக் கதவு போட்டபோது, திறக்க வேண்டியவருக்குக் காய்ச்சல் வந்து பதினோரு நாள் படுத்துவிட்டார். அந்தப் பதினோரு நாளும் உறுப்பினர்கள் பொறுமை காத்தார்கள். பேரவையின் கட்டுப்பாட்டுக்கு உதாரணமாக அதை இன்றைக்கும் மேடையில் சொல்வார்கள்.

"சரி அங்கிள், ஆனா டைம் ரொம்பக் கம்மி," என்றாள் மஹிமா. "அது சூரியனை நோக்கி விழுந்துக்கிட்டே இருக்கு. இந்தச் சனிக்கிழமை சூரியன் மறைஞ்சு பத்துப் பதினைஞ்சு நிமிஷம் கழிச்சு மேற்கே தெரியும். அப்புறம் இருபது நிமிஷத்துல அதுவும் மறைஞ்சிடும். ஞாயித்துக்கிழமை சூரியனுக்கு ரொம்பப் பக்கத்துல போயிடும், தெரியாது. அப்புறம் வெளியில வருமா, உடைஞ்சு போயிடுமான்னே சொல்ல முடியாது."

"அப்போ சனிக்கிழமை சாயங்காலம்," என்றார் சிவராம். "ஆறு அஞ்சுக்குத் திறப்பு. அஞ்சரைக்கு இறைவணக்கம்."

இதையெல்லாம் தீர்மானப் புத்தகத்தில் எழுதிக்கொண்டிருந்தவர் துணைத் தலைவர் மஹாதேவன்.

மஹாதேவன் கொல்கத்தாவில், கார்டன் ரீச் ரயில்வே தலைமை அலுவலகத்தில் முப்பத்தெட்டு வருஷம் வேலை பார்த்து, டெபுடியாக ஓய்வு பெற்றவர். ஐந்து சீஃப்கள் அவர் தலைக்கு மேல் வந்து போனார்கள். ஓய்வுக்குப் பிறகு பேரவைக்கு வந்தார்; இங்கேயும் துணை. ரிப்பன் வெட்டும்போது கத்தரிக்கோல் வைத்த தட்டைப் பிடித்திருப்பவர் அவர். குத்துவிளக்கு ஏற்றும்போது தீப்பெட்டி தருபவர் அவர். பொன்னாடை போர்த்தும்போது பின்பக்கம் சுருண்டுகொண்ட முனையை இழுத்து விடுபவரும் அவர்தான். போட்டோ எடுக்கிறவர்கள் அவரிடம் சொல்லும் ஒரே வாசகம், "சார், கொஞ்சம் தள்ளி நில்லுங்க."

எதையாவது ஒன்றை, செருப்பு ஸ்டாண்டாக இருந்தாலும் சரி, தன் கையால் திறந்து வைத்துவிட வேண்டும் என்பது அவருடைய ஆசை. இது வெளியே யாருக்கும் தெரியாது. மனைவி மாதங்கிக்குத் தெரியும்.

"ஆத்துல ஊறுகாய் பாட்டில் நாலு நாளா மூடி இறுகிக் கிடக்கு," என்பாள். "தொறந்து வைங்கோளேன். நான் கை தட்டறேன்."

தீர்மானப் புத்தகத்தை எழுதுகிறவனுக்கு ஒரு சௌகரியம் உண்டு. சிறப்பு விருந்தினராக ஒரு வங்கியின் ஜெனரல் மேனேஜர் ஸ்ரீநிவாஸை அழைப்பது என்பது முதல் தீர்மானம். அவருக்கும் வானத்துக்கும் உள்ள சம்பந்தம், அவர் ஆபீஸ் ஜன்னலைத் திறந்தால் எதிரே கோளரங்கம் தெரியும் என்பது. திரைக்கு ஏற்பாடு செய்வது இரண்டாவது. யாரும் சொல்லாத மூன்றாவது ஒன்றையும் மஹாதேவன் சேர்த்து எழுதினார்: 'சிறப்பு விருந்தினர் ஆறு மணி பத்து நிமிடத்துக்குள் வந்து சேராத பட்சத்தில் துணைத் தலைவர் திறந்து வைப்பார்.' கையெழுத்துக்குப் புத்தகத்தை நீட்டியபோது சிவராம் போண்டா தின்றுகொண்டிருந்தார். படிக்காமல் போட்டார்.

இடம் கிடைத்தது. கார்டன் ரீச்சில் ஆற்றை ஒட்டி மூடிக்கிடந்த ஒரு பழைய கிடங்கின் மொட்டை மாடி. நேர் மேற்கே ஆறு, அக்கரையில் மரங்கள், அதற்கு மேலே வெறும் வானம். வால்நட்சத்திரம் பார்க்க கொல்கத்தாவிலேயே இதைவிட நல்ல இடம் அமையாது. அந்த மேற்குப் பக்கத்தைத்தான் முழுசாக அடைத்தார்கள்.

பூஜைப் பந்தல் கட்டும் டெக்கரேட்டர் ஆட்கள் மூங்கிலோடு வந்து இறங்கினார்கள். கொல்கத்தாவில் மூங்கில் நட்டுத் துணி கட்டினால் உள்ளே சாமி இருந்தாக வேண்டும். "எந்த டாக்குர், தாதா?" என்று மேஸ்திரி கேட்டான். எந்த சாமி, அண்ணா என்று அர்த்தம். மஹாதேவன் தம்முடைய ரயில்வே வங்காளியில், வானத்தில் வருகிறது, வால் உண்டு, சூரியனைப் பிடிக்கப் போகிறது என்று விளக்கினார். மேஸ்திரிக்கு நொடியில் புரிந்துவிட்டது. செந்தூர நிறத்தில் முப்பது அடி நீளத் துணியைக் கட்டி, உச்சியில் இரண்டு கதாயுதம் வைத்துவிட்டுப் போனான்.

துணிக்குச் செலவை ஏற்றுக்கொண்டவர் டாக்குரியாவில் மளிகைக் கடை வைத்திருக்கும் பெத்துராஜ். அதனால் திரையின் நடுவில், 'பெத்துராஜ் ஸ்டோர்ஸ், இட்லி மாவு தினமும் கிடைக்கும்' என்று ஆளுயர எழுத்தில் இருந்தது.

சனிக்கிழமை காலை பேரவையின் வாட்ஸ்ஆப் குழுவில் சுற்றறிக்கை வந்தது. 'உறுப்பினர்கள் விழாவுக்கு வரும் வழியில் மேற்குத் திசையைப் பார்ப்பதைத் தவிர்க்கவும். முறைப்படி திறந்து வைக்கும் முன் பார்ப்பது சிறப்பு விருந்தினரை அவமதிப்பதாகும்.' எழுபத்தியிரண்டு பேர் கட்டைவிரல் போட்டார்கள்.

நாலரை மணிக்கு ஸ்ரீநிவாஸிடமிருந்து மஹாதேவனுக்கு போன் வந்தது.

"நான் டாக்குரியால ஒரு கிரகப்பிரவேசத்துல இருக்கேன். டிரைவர் புதுசு. எப்படி வரது?"

நேரே வந்தால் முக்கால் மணி நேரம். அதைச் சொல்லத்தான் மஹாதேவன் வாயைத் திறந்தார். ஆனால் வந்த வார்த்தை வேறு.

"பெஹாலா வழியா வாங்கோ சார். ரோடு காலியா இருக்கும்."

சித்திரை பிறக்கப் பத்து நாள்தான் இருந்தது. வங்காளிப் புத்தாண்டுக்கு முன்னால் வரும் சைத்ர மாதத் தள்ளுபடி விற்பனை உச்சத்தில் இருந்தது. பெஹாலாவில் பாதிப் பேர் நடைபாதையில் நைட்டி விற்றுக்கொண்டிருப்பார்கள், மீதிப் பேர் நடுரோட்டில் நின்று பேரம் பேசிக்கொண்டிருப்பார்கள். கொல்கத்தாவில் பிறந்து வளர்ந்த மஹாதேவனுக்கு இது தெரியாதா? தெரியும். போனை வைத்துவிட்டு ஒரு டம்ளர் தண்ணீர் குடித்தார். முப்பத்தெட்டு வருஷ சர்வீஸில் அவர் செய்யாத தப்பு இது. இவ்வளவு சுலபமாக இருக்கும் என்று அவர் நினைத்ததில்லை.

அஞ்சரைக்கு இறைவணக்கம் ஆரம்பித்தது. அந்த எழுபத்தியிரண்டு பேரும் பிளாஸ்டிக் நாற்காலிகளில் உட்கார்ந்து பெத்துராஜின் இட்லி மாவைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஐந்து ஐம்பதுக்கு சூரியன் இறங்கியது. திரையின் விளிம்பு சிவந்து பிறகு கறுத்ததிலிருந்து அதை ஊகித்துக்கொண்டார்கள். திரையிலிருந்து ஒரு மஞ்சள் கயிறு தொங்கியது. அதன் முனையில் குஞ்சம். மஹாதேவன் அதற்குப் பக்கத்திலேயே நின்றார்.

சிவராம் தலைமையுரைக்கு எழுந்தார். எழுபத்தொன்பதில் தேயிலைக் கம்பெனியில் தாம் செய்த ஒரு சீர்திருத்தத்தில் தொடங்கினார். அதிலேயே இருந்தார்.

ஆறு அஞ்சு இருக்கும். திரைக்கு அந்தப் பக்கம் கீழே படித்துறையிலிருந்து ஒரு பெரிய 'ஓ' எழுந்தது. அப்புறம் விசில்கள். யாரோ சங்கு ஊதினார்கள். அக்கம்பக்கத்து மாடிகளில் கூட்டம் கூட்டமாக ஆட்கள் ஏறி மேற்கே கை நீட்டினார்கள். அடுத்த மாடியில் துணி எடுக்க வந்த ஒரு வங்காளி அம்மாள் இவர்களைப் பார்த்துவிட்டு, பாவம் தெரியாமல் உட்கார்ந்திருக்கிறார்களே என்று நினைத்து, "தாதா, துணிக்குப் பின்னால் பாருங்கள்," என்று தன் பாஷையில் கத்தினாள். முன்வரிசையில் இருந்தவர்கள் அவளைக் கும்பிட்டு, தெரியும் என்று தலையசைத்தார்கள். அவள் கொஞ்ச நேரம் நின்று யோசித்துவிட்டு, தலையணை உறைகளோடு இறங்கிப் போனாள்.

மஹிமா எழுந்து வந்தாள். "மஹாதேவன் அங்கிள், வந்தாச்சு. திரையை எடுங்க, ப்ளீஸ்."

"இன்னும் அஞ்சு நிமிஷம் இருக்கு."

"யாருக்கு?"

"தீர்மானத்துல ஆறு பத்துன்னு இருக்கு."

மஹிமா அவரை ஒரு பார்வை பார்த்தாள். "நான் கீழ போய் டீ குடிக்கிறேன்," என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினாள். டீக்கடை படித்துறையில் இருந்தது.

ஆறு ஏழு. ஆறு எட்டு. மஹாதேவன் கைக்குட்டையால் கையைத் துடைத்துக்கொண்டு குஞ்சத்தைத் தொட்டுப் பார்த்தார். பட்டு மாதிரி இருந்தது. மூன்றாவது வரிசையிலிருந்து மாதங்கி அவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஆறு ஒன்பதுக்கு அவர் சட்டைக் காலரைச் சரி செய்துகொண்டு, சிவராமின் பேச்சை எங்கே வெட்டலாம் என்று பார்த்தபோது, படியில் தடதடவென்று சத்தம் கேட்டது.

ஸ்ரீநிவாஸ் வந்துவிட்டார். கோட் பூராவும் புழுதி, தலையில் யாருடையதோ ஹெல்மெட்.

"பெஹாலால வண்டி நகரவே இல்லை," என்றார் மூச்சு வாங்க. "இறங்கி பைக் டாக்ஸி பிடிச்சேன். உங்க வால்நட்சத்திரத்துக்காக ட்ரெயின் பாலத்தடியில ஆட்டு மந்தைக்கு நடுவுல வந்திருக்கேன்."

கைதட்டல் அடங்க நேரமானது. பைக்கில் வந்த ஜெனரல் மேனேஜர் என்று சிவராம் அதைப் பற்றியும் நாலு வார்த்தை பேசினார். பிறகு, எல்லோரும் எழுந்து நிற்க, ஸ்ரீநிவாஸ் குஞ்சத்தைப் பிடித்து இழுத்தார்.

திரை ஒரு அடி அசைந்து நின்றது.

மறுபடி இழுத்தார். கதாயுதம் ஒன்று ஆடியது. அவ்வளவுதான்.

"மேல வளையம் மூங்கில் கணுவுல மாட்டிக்கிச்சு சார்," என்றார் பெத்துராஜ், அண்ணாந்து பார்த்துவிட்டு. "பின்னாடி போயி எடுத்து விடணும்."

எல்லோரும் மஹாதேவனைப் பார்த்தார்கள். இந்த மாதிரி வேலைக்கு எப்போதும் யாரைப் பார்ப்பார்களோ அவரை.

அவர் ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலைத் தூக்கிக்கொண்டு திரையின் ஓரத்தில் நுழைந்தார். திரைக்கும் கைப்பிடிச் சுவருக்கும் நடுவில் இரண்டடி இடம். ஸ்டூலைப் போட்டு ஏறினார். கையைத் தூக்கி வளையத்தைத் தேடினார். கிடைத்தது. ஒரு விரலால் நெம்பினால் போதும். அப்போது தற்செயலாக, வேலை பார்க்கிறவன் பக்கவாட்டில் பார்ப்பதுபோல, மேற்கே பார்த்தார்.

ஆறு செம்பு நிறத்தில் கிடந்தது. அக்கரை மரங்களுக்கு நாலு விரல் உயரத்தில் அது இருந்தது. தலை, எரிகிற கற்பூரம் மாதிரி. அதிலிருந்து வால் மேலே மேலே போய், வானத்தின் சிவப்பு நீலமாகிற இடம் வரைக்கும் போய், அங்கே இருக்கிறதா இல்லையா என்று சொல்ல முடியாமல் கரைந்திருந்தது. நகரவில்லை, ஆனால் தலைகுப்புற விழுந்துகொண்டிருக்கிறது என்பது பார்த்தாலே தெரிந்தது. கீழே படித்துறையில் அவ்வளவு பேரும் பேச்சை நிறுத்தியிருந்தார்கள்.

மஹாதேவனுக்கு ஒன்றும் தோன்றவில்லை. ஒன்றும் தோன்றாமல் இருந்தது அவருக்குப் புதிதாக இருந்தது.

"என்ன மஹாதேவன், ஆச்சா?" என்று திரைக்கு அப்பாலிருந்து சிவராம் கேட்டார்.

"முடிச்சு விழுந்திருக்கு சார்," என்றார் மஹாதேவன். விரல் வளையத்தின் மேலேயே இருந்தது.

"கத்தி வேணுமா சார்?" இது பெத்துராஜ்.

"வேண்டாம். வந்துடும்."

அந்தப் பக்கம் ஸ்ரீநிவாஸ் இழுக்கிறார். இந்தப் பக்கம் மஹாதேவன் வளையம் கழன்றுவிடாமல் பிடித்துக்கொண்டார். இந்த இழுபறி நாலைந்து நிமிஷம் நடந்தது. இடைவெளியை நிரப்ப சிவராம் மறுபடி எழுபத்தொன்பதுக்குப் போனார். வால்நட்சத்திரம் நாலு விரலிலிருந்து இரண்டு விரலுக்கு இறங்கியது.

கடைசியில் அவர் கை வலித்துத்தான் விட்டார். அல்லது மனசாட்சி குத்தியிருக்கலாம். அவரே பிற்பாடு இரண்டையும் மாற்றி மாற்றி நினைத்துக்கொண்டார். வளையம் கழன்றதும் திரை பக்கவாட்டில் நகரவில்லை. ஸ்ரீநிவாஸ் உடம்பின் முழு பலத்தோடு இழுத்துக்கொண்டிருந்ததால் துணி மொத்தமாக அறுந்து கீழே விழுந்தது.

கூட்டம் பார்த்தது இதுதான்: சிவந்த வானம், அதன் நடுவில், ஸ்டூல் மேல், இரண்டு கையையும் உயரத் தூக்கிக்கொண்டு, துணைத் தலைவர் மஹாதேவன்.

எழுபத்தியிரண்டு பேரும் கை தட்டினார்கள். திரை விழுந்தால் கை தட்ட வேண்டும். அந்த வழக்கத்தில் யாருக்கும் குழப்பம் இல்லை. சில பேருக்குக் கண்ணில் நீர் வந்தது. போட்டோக்காரர் முன்னால் ஓடிவந்து மண்டி போட்டார்.

"சார், அப்படியே நில்லுங்க. அசையாதீங்க."

மஹாதேவன் கையை இறக்கப் போனவர் நின்றார். தள்ளி நில்லுங்க என்று சொல்லாத ஒரு போட்டோக்காரரை அவர் வாழ்க்கையில் முதல் தடவையாகச் சந்திக்கிறார். ஃப்ளாஷ் அடித்தது. இன்னொன்று அடித்தது. தமக்குப் பின்னால், சரியாகத் தம் தலைக்குப் பின்னால், அது இருக்கிறது என்று அவருக்குத் தெரியும். ஒரு அடி நகர்ந்தால் போதும்.

"சார், நீங்க மறைக்கிறீக," என்றார் பெத்துராஜ்.

"ஏன்னா, இறங்குங்கோ," என்றாள் மாதங்கி.

"ஒரு நிமிஷம்," என்றார் மஹாதேவன், உதட்டை அசைக்காமல்.

போட்டோக்காரர் படுக்கை வாட்டில் இரண்டு, நிற்கிற வாட்டில் இரண்டு எடுத்து முடித்தார். மஹாதேவன் ஸ்டூலை விட்டு இறங்கினார். எழுபத்தியிரண்டு பேர் முன்னால் நெருக்கியடித்து வந்து கைப்பிடிச் சுவரில் சாய்ந்து பார்த்தார்கள். அக்கரையில் மரங்கள் இருந்தன. மரங்களுக்கு மேலே பழுப்பாக ஒரு புகைமூட்டம் இருந்தது, தலை, வால் இரண்டையும் விழுங்கிவிட்டு. கீழே படித்துறையில் கூட்டம் கலைந்து வீட்டுக்குப் போய்க்கொண்டிருந்தது.

"அதுதானா?" என்று ஸ்ரீநிவாஸ் ஒரு செங்கல் சூளைப் புகையைக் காட்டிக் கேட்டார்.

"அதுவா இருக்கலாம் சார்," என்றார் சிவராம், விருந்தினரைக் கைவிடாமல்.

பேச்சு மெதுவாக வேறு பக்கம் திரும்பியது. யாரோ பின்னாலிருந்து சொன்னார்கள், மஹாதேவன் அவ்வளவு நேரம் அந்தப் பக்கம்தானே நின்றார் என்று. சட்டென்று எல்லா முகமும் அவர் பக்கம் திரும்பியது. சிவராமின் முகம் கடுமையாக இருந்தது.

"மஹாதேவன், நேரா சொல்லுங்கோ. சிறப்பு விருந்தினர் திறக்கறதுக்கு முன்னாடி நீங்க பாத்துட்டேளா?"

பார்த்தேன் என்று சொன்னால் இந்த மாடியிலேயே பார்த்த ஒரே ஆள் அவர். ஜெனரல் மேனேஜர் பார்க்கவில்லை, தலைவர் பார்க்கவில்லை, டெபுடி பார்த்திருக்கிறார். அந்த வாக்கியம் அவர் நாக்கின் நுனி வரைக்கும் வந்தது. ஆனால் சுற்றறிக்கையை எழுதியதும் அவர்தான். அவமதிப்பு என்ற வார்த்தையைத் தேடிப் பிடித்துப் போட்டதும் அவர்தான். இன்றைக்கு அதைச் சொன்னால் அடுத்த மாதம் பொதுக்குழுவில் துணையும் போய்விடும்.

"சேச்சே," என்றார். "ஸ்டூல்ல ஏறினதுமே கண்ணை மூடிண்டுட்டேன். தடவித் தடவித்தான் வளையத்தைக் கண்டுபிடிச்சேன். அதான் நேரமாயிடுத்து."

சிவராம் தொண்டையைச் செருமிக்கொண்டு மைக்கைக் கேட்டார். எதிரிலேயே இருந்தும் பார்க்காத மனிதர், இதுவல்லவா கட்டுப்பாடு, பதினோரு நாள் பொறுமை காத்த பேரவையின் பாரம்பரியம் இவரிடம் உயிரோடு இருக்கிறது என்று கால்மணி நேரம் பேசினார். ஸ்ரீநிவாஸுக்கு என்று வாங்கி வைத்திருந்த பொன்னாடையை எடுத்து ஸ்ரீநிவாஸின் கையாலேயே மஹாதேவனுக்குப் போர்த்த வைத்தார். பின்பக்கம் ஒரு முனை சுருண்டுகொண்டது. அதை இழுத்து விட ஆள் இல்லை.

திரும்பிப் போக டாக்ஸி பிடித்தார்கள். மஹாதேவன் பொன்னாடையைக் கழற்றாமலே ஏறினார். மாதங்கி ஜன்னல் பக்கம் உட்கார்ந்து வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். அவள் அதைப் பார்க்க வேண்டும் என்று ஒரு வாரமாகச் சொல்லிக்கொண்டிருந்தவள்.

டாக்ஸிக்காரர் வங்காளி, பேச்சுப் பிரியர். "நட்சத்திரம் பார்த்தீங்களா தாதா?" என்று கேட்டார். "நான் வண்டியைப் பாலத்து மேலேயே நிறுத்திட்டேன். போலீஸ்காரனும் ஒண்ணும் சொல்லலை, அவனும் பார்த்துக்கிட்டிருந்தான்."

"இல்லை," என்றார் மஹாதேவன். "எனக்கு வாய்க்கலை."

"அடடா." டாக்ஸிக்காரர் ஸ்டியரிங்கிலிருந்து ஒரு கையை எடுத்துவிட்டார். "இவ்வளவு பெரிசு. வால் கீழ் பக்கமா, துடைப்பம் மாதிரி, ஆத்துல தொங்கிக்கிட்டு..."

"கீழ் பக்கமா?"

"ஆமா தாதா. ஆத்துல முங்கற மாதிரி."

மஹாதேவன் பல்லைக் கடித்துக்கொண்டார். ஒரு சிக்னல் தாண்டியது. முப்பத்தெட்டு வருஷம் பிறர் எழுதிய குறிப்புகளைத் திருத்தியே பழகியவர்.

"கீழ இல்லைய்யா," என்றார். "தலைதான் கீழ. வால் நேரா மேல போறது. மேல போகப் போக லேசா வலது பக்கம் சாயறது. துடைப்பம் மாதிரியெல்லாம் இல்லவே இல்லை."

டாக்ஸிக்காரர் கண்ணாடியில் அவரைப் பார்த்தார்.

மாதங்கி ஜன்னலிலிருந்து திரும்பினாள். அவர் தோளில் சுருண்டிருந்த பொன்னாடையின் முனையை இழுத்து நேராக்கி விட்டாள்.

"ம்," என்றாள். "மேல சொல்லுங்கோ. தலை என்ன கலர்?"